கிறகரியிடம் இருந்த பிரதி

மொன்றியலில் தமிழ்க் கத்தோலிக்கர் வீடுகளில் ஒரு கலியாணமோ முதல் நற்கருணையோ நடந்தால், வீடியோக் கமெராவுக்குப் பின்னால் நிற்பவர் பெரும்பாலும் கிறகரியாகத்தான் இருப்பார். எங்கள் மகளின் முதல் நற்கருணையையும் அவர்தான் எடுத்தார். ஒருவருடைய தலையும் வெட்டுப்படாமல், சுவாமியாரின் குரல் கரகரக்காமல், சொன்ன நாளில் தந்துவிடுவார். ஆனால் அது அவருடைய சனிக்கிழமை வேலை. கிழமை நாட்களில் டோர்வலில், விமானங்களுக்குச் சாப்பாடு கட்டும் கூடத்தில், ட்ரே அடுக்குகிற பெல்ட்டில் நிற்பவர். பதின்மூன்று வருடமாக அங்கேதான்.

அதற்கு முன் என்ன செய்தீர்கள் என்று கேட்டால் கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவார். பிறந்தது மன்னார், பேசாலை. யாழ்ப்பாணத்தில் ஒரு ஸ்ரூடியோவில் கமெரா பிடிக்கப் பழகியவர். 2006இல் ஆட்கள் மறுபடி காணாமல் போகத் தொடங்கியபோது, சின்னக் கசெற் போடுகிற கமெராவைத் தோளில் மாட்டிக்கொண்டு சைக்கிளில் வீடு வீடாகப் போய், பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய்மாரைப் பேசவைத்துப் பதிவு செய்தார். எந்தப் பத்திரிகையிலும் அவர் சம்பளத்துக்கு இருந்ததில்லை. சிறு துண்டுகளை வெட்டி வெளிநாட்டுச் செய்திக்காரருக்கு அனுப்புவார், அவ்வளவுதான். ஏழு தாய்மார், ஏழு கசெற். 2008இல் நாட்டைவிட்டு வரும்போது அவை கையில் இல்லை. “வழியில ஆமி பறிச்சிட்டான்” என்று சொல்வார். மனைவி செலீனுக்கும் மகள் ஜென்சிக்கும் தெரிந்ததும் அதுவே.

லாரிசா அந்த உணவுக்கூடத்துக்கு வந்தது 2023 பெப்ரவரியில். நாற்பத்துநாலு வயது, குட்டையாக வெட்டிய தலைமயிர், அளவுக்கு மிஞ்சிய பெரிய கையுறை. மேற்பார்வையாளர் அவளைக் கொண்டுவந்து கிறகரிக்கு எதிர்ப்பக்கத்தில் நிறுத்தினார். கரண்டிப் பொட்டலம் எந்தப் பக்கம், வெண்ணெய் எந்த மூலையில், ட்ரொலி நிரம்பியதும் எப்படிப் பூட்டுவது என்று கிறகரி எல்லாவற்றையும் காட்டிக் கொடுத்தார். இருவருக்கும் பொதுவாக இருந்தது அரைகுறைப் பிரெஞ்சு. மூன்றாம் நாள் இடைவேளையில், தான் முன்பு ஊடகக்காரன் என்று அவளிடம் சொன்னார்.

“நானும்” என்றாள் லாரிசா.

அதை அவள் சொன்ன மாதிரியைப் பார்த்து, ஏதோ சின்ன ஊர் வானொலியில் செய்தி வாசித்தவளாக்கும் என்று அவர் நினைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு ஒரு மாதம் அவளுக்கு வகுப்பு நடந்தது. காற்றில் மைக்கை எப்படிப் பிடிக்க வேண்டும், சாளரத்துக்கு எதிரே ஆளை ஏன் இருத்தக் கூடாது, பேசுகிறவர் அழத் தொடங்கினால் என்ன செய்ய வேண்டும். லாரிசா தேநீரை உறிஞ்சிக்கொண்டு கேட்டுக்கொண்டிருப்பாள்.

ஒரு சனிக்கிழமை காலை, வில்லரேயில் அவர்களுடைய வீட்டுக் குசினியில், ஜென்சி தன் போனை அவர் முன்னால் நீட்டினாள். அவள் கல்லூரியில் சினிமாவை ஒரு பாடமாகப் படித்துக்கொண்டிருந்தாள்.

“அப்பா, உங்கட பெல்ட்டில நிக்கிற ரஷ்யன் ஆன்ரி இவதானே?”

“ஓம். ஏன்?”

“இவ நாலு டொக்யுமென்ரரி எடுத்திருக்கிறா. ஒண்டை எங்கட ரீச்சர் வகுப்பில போட்டுக் காட்டினவ.” சிரிப்பை அடக்கிக்கொண்டு கேட்டாள். “இவவுக்கே நீங்கள் மைக் பிடிக்கச் சொல்லிக் குடுத்தனீங்கள்?”

கிறகரி போனை வாங்கி வாசித்தார். சைபீரியாவில் நிலக்கரி தோண்டுகிற ஒரு சிறு நகரம். தகப்பன் சுரங்கத்தில் லிஃப்ட் இயக்கியவர். உள்ளூர்த் தொலைக்காட்சியில் நிருபராகச் சேர்ந்த லாரிசா, ஒரு சுரங்க விபத்தில் செத்தவர்களின் எண்ணிக்கையைக் குறைத்துச் சொல்லும்படி கேட்டதும் அந்த வேலையை விட்டிருக்கிறாள். பழைய கமெரா ஒன்றை வாங்கி, ஒரு நிறுவனத்தையும் சேராமல், செத்தவர்களின் வீடுகளுக்குப் போய்த் தன் முதற்படத்தை எடுத்தாள். அதற்குப் பிறகு இரண்டு படம். கடைசிப் படம் போருக்குப் போய்த் திரும்பாத பெடியங்களின் தாய்மாரைப் பற்றியது. வீட்டுக் கதவில் சிவப்பு மையால் ‘துரோகி’ என்று எழுதினார்கள். அரசாங்கத்தின் ‘வெளிநாட்டு முகவர்’ பட்டியலில் பெயர் வந்தது. எடுத்த காட்சிகள் இருந்த மெமரி கார்டுகளைத் தானியப் போத்தலுக்குள் புதைத்துக்கொண்டு ஜோர்ஜியா வழியாக வெளியேறினாள்.

கிறகரிக்கு முதலில் வந்தது வெட்கம். ஒரு மாதம் தான் பேசியதெல்லாம் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தது. திங்கட்கிழமை பெல்ட்டில் நின்றபடி, “ஏன் முதலே சொல்லேல்லை?” என்று கேட்டார்.

“நீங்கள் கேட்கவில்லை. சொல்லிக்கொண்டிருந்தீர்கள். நன்றாகத்தான் சொன்னீர்கள்” என்றாள் லாரிசா. பகிடியாக அல்ல, உண்மையாகவே. பிறகு, “உங்கள் வேலையை எனக்குக் காட்டுங்கள்” என்றாள்.

ஆமி பறித்த கதையை அவர் சொன்னார். அவள் கையுறையைக் கழற்றி, அவருடைய கையில் ஒரு கணம் தன் கையை வைத்தாள். வெட்கம் அங்கே முடிந்து வேறொன்று தொடங்கியது என்று கிறகரி பிற்பாடு என்னிடம் சொன்னார். “அவ இரக்கப்பட்டா பாருங்கோ, அதைத்தான் என்னால தாங்கேலாமல் போச்சு.”

இலையுதிர் காலத்தில் ஒரு பல்கலைக்கழகம் லாரிசாவுக்கு ஓர் அறையும், தன் அடுத்த படத்தை முடிக்க ஒரு வருடமும் கொடுத்தது. அவள் உணவுக்கூடத்தை விட்டுப் போனாள். எதிர்ப்பக்கத்தில் ஒரு ஹெயிட்டிக்காரர் வந்து நின்றார். கிறகரி ஒவ்வொரு இடைவேளையிலும் போனில் அவளுடைய பெயரைத் தட்டிப் பார்ப்பார். புதிதாக ஏதும் வந்திருந்தால் அன்றைக்கு வீட்டில் சோறு இறங்காது. தன் அகதி விசாரணையில் நடந்தது திரும்பத் திரும்ப நினைவுக்கு வரும். “நீங்கள் ஊடகக்காரர் என்பதற்கு என்ன அத்தாட்சி?” என்று கேட்டார்கள். அத்தாட்சி இல்லை. கடைசியில் ஒரு சுவாமியாரின் கடிதம்தான் காப்பாற்றியது.

“எங்கட சனம் செத்துக்கொண்டிருக்கேக்க ஒருத்தரும் ஒரு அறை தரேல்லை” என்றார் செலீனிடம்.

செலீன் ஒரு கார்டெரியில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கிறவள். நாள் முழுக்க அழுகையும் பிடுங்குப்பாடும் கேட்டு வருகிறவள். “அதுக்கு அவ என்னப்பா செய்யிறது?” என்று மட்டும் கேட்டாள்.

அடுத்த வருடம் மார்ச்சில் லாரிசா வில்லரேக்கு வந்தாள். ஒரு கம்பளிக் காலுறைக்குள் சிறிய ஹாட் டிஸ்க் ஒன்று.

“புதுப் படத்துக்கான காட்சிகள் முழுவதும் இதில் இருக்கின்றன. பதினொரு தாய்மார். ஒரு பிரதி என்னிடம் இருக்கிறது. மற்றது யாரும் நினைத்துப் பார்க்காத ஒருவரிடம் இருக்க வேண்டும்.”

அவள் நம்பிக்கையாகச் சொன்னதுதான். கிறகரியின் காதில் விழுந்தது ‘யாரும் நினைத்துப் பார்க்காத ஒருவர்’ என்பது மட்டும். வாங்கி, அலுமாரியில் குளிர்ச் சட்டைகளுக்குக் கீழே வைத்தார்.

கோடையில் ஜென்சி, தாயின் கார்டெரியைப் பற்றி ஐந்து நிமிடப் படம் ஒன்று எடுத்தாள். அதை லாரிசாவிடம் காட்டிக் கருத்துக் கேட்க, அவள் குடியிருந்த நோத்ர-டாம்-த-கிரேஸ் பகுதிக்கு மூன்று தரம் போய்வந்தாள். கிறகரிக்கு அது செலீன் சொல்லித்தான் தெரியும்.

“என்னட்டைக் காட்டியிருக்கலாமே, பிள்ளை” என்றார்.

“நீங்கள் எடுக்கிறது வேறயப்பா” என்றாள் ஜென்சி. கெட்ட எண்ணத்தோடு சொல்லவில்லை.

ஒக்டோபரில், தமிழ்ச் சங்கமொன்றின் செயலாளர் கிருபானந்தன் அழைத்தார். “கிறகரி அண்ணை, ஊடக சுதந்திரத்தைப் பற்றி ஒரு கூட்டம் வைக்கிறம்.” கிறகரி கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். தன்னைப் பேசக் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்து, எங்கே தொடங்குவது என்றுகூட மனதில் ஓடிவிட்டது. “லாரிசா எண்டு ஒரு ரஷ்யன் அம்மா வந்து பேசுறா. உங்கட கமெராவோட வந்து எடுத்துத் தருவியளே?”

“ஓம். வாறன்” என்றார்.

கோயில் மண்டபத்தில் நூறு பேர் இருந்தார்கள். நானும் இருந்தேன். லாரிசா பிரெஞ்சில் பேச, பக்கத்தில் நின்று ஜென்சி தமிழில் சொன்னாள். சொல் வராத இடத்தில் தடுமாறி, அவள் முகத்தைப் பார்த்துச் சிரித்து, மறுபடி தொடங்கினாள். இருவரையும் ஒரே சட்டகத்தில் வைத்துக் கிறகரி எடுத்துக்கொண்டிருந்தார். நடுவில் லாரிசா அவர் பக்கம் கையை நீட்டினாள். “எனக்கு முன்பே இதே வேலையைச் செய்த ஒருவர் இங்கே இருக்கிறார். அவருடைய தாய்மாரின் குரலை அவரிடமிருந்து பறித்துவிட்டார்கள்.” ஜென்சி அதைத் தமிழில் சொன்னாள். எல்லோரும் திரும்பிக் கைதட்டினார்கள். கிறகரி கமெராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. அடக்கமான மனுசன் என்று நாங்கள் பேசிக்கொண்டோம். அந்தக் கைதட்டல்கூட லாரிசா எடுத்துத் தந்ததாகத்தான் இருந்தது என்றார் பிற்பாடு.

நாலு நாள் கழித்து, லாரிசாவின் வீட்டுக்கு மேல்மாடியில் தண்ணீர்க் குழாய் வெடித்தது. அவள் வெளியே போயிருந்த நேரம். மேசை, கணினி, அதற்குள் இருந்த பிரதி, பழைய மெமரி கார்டுகள் எல்லாம் நனைந்து நாசமாகிவிட்டன. அவள் கிறகரிக்கு அழைத்தாள். “கடவுளே, நல்லவேளை உங்களிடம் ஒன்று இருக்கிறது.”

“இருக்க வேணும். தேடிப் பார்க்கிறன்” என்றார் கிறகரி.

தேட ஒன்றும் இல்லை. அவர் நின்ற இடத்திலிருந்து அலுமாரிக் கதவு தெரிந்தது. ஒரு நாள் அவள் தவிக்கட்டும் என்றுதான் நினைத்தார். மறுநாள் அவள் அழைத்தபோது, “காணேல்லை. போன மாசம் வீடு துப்புரவாக்கினது, எங்கையோ மாறிப் போச்சுப் போல” என்றார். வாயிலிருந்து வந்த பிறகு அதைத் திரும்ப எடுக்க வழி தெரியவில்லை. “உங்கள் பிழை இல்லை” என்றாள் லாரிசா.

அந்தக் கிழமை அவருக்கு நன்றாகப் பசித்தது. செலீன் அதைக் கவனித்திருக்கிறாள்.

ஒன்பதாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. காய்ச்சல் என்று சொல்லி, பூசைக்குப் போகாமல் வீட்டில் நின்றார். செலீனும் ஜென்சியும் போனதும் காலுறையிலிருந்து டிஸ்கை எடுத்து, கலியாண வீடியோ வெட்டுகிற கணினியில் போட்டார். என்னதான் எடுத்திருக்கிறாள் என்று பார்க்க வேண்டும். அதைவிடப் பெரிய ஆசை, ஒரு குறையைக் கண்டுபிடிக்க வேண்டும் என்பது.

ஒரு சாளரக் காட்சியில் நிறம் நீலமாக அடித்திருந்தது. கிறகரி சந்தோசப்பட்டார். வேறொன்றில் குளிர்ப்பெட்டியின் இரைச்சல் கேட்டது. அதற்கும் சந்தோசப்பட்டார். பிறகு ஒரு தாய் வந்தாள். குசினி மேசைக்கு முன்னால் இருந்து உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள். ரஷ்ய மொழி, அவருக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. அவள் ஏதோ சொன்னாள், நிறுத்தினாள். முடிந்தது, இனி வெட்டு வரும் என்று கிறகரியின் விரல் தானாகவே அசைந்தது. வெட்டு வரவில்லை. கமெரா அப்படியே நின்றது. அவள் எழும்பிப் போய்ச் சாளரத்தை அடித்துச் சாத்தினாள், திரும்பி வந்து இருந்தாள், கத்தியைத் துடைத்தாள். நாலு நிமிடம். அதற்குப் பிறகு மறுபடி பேசத் தொடங்கினாள். இந்தமுறை வேறு குரல். இதைத்தான் அவள் இவ்வளவு நேரமும் சொல்லாமல் வைத்திருந்தாள் என்று மொழி தெரியாத கிறகரிக்கும் விளங்கியது.

யாழ்ப்பாணத்தில் அந்த ஏழு தாய்மாரும் இப்படி ஒரு இடத்தில் பேச்சை நிறுத்தினார்கள். ஒவ்வொரு முறையும் கசெற் வீணாகக் கூடாதென்று கிறகரி நிறுத்தும் பொத்தானை அமத்தியிருக்கிறார்.

பூசை முடிந்து அவர்கள் வந்தபோது அவர் இன்னமும் பார்த்துக்கொண்டிருந்தார். செலீன் கோட்டைக் கழற்றாமல் பின்னால் வந்து நின்றாள்.

“காணேல்லை எண்டெல்லோ அவவுக்குச் சொன்னனீங்கள்.”

கிறகரி திரும்பிப் பார்த்தார்.

“எவ்வளவு நாளா இது இஞ்ச இருக்கு?”

“நெடுக இருந்தது.”

ஜென்சி வாசலில் ஒரு சப்பாத்தைக் கழற்றியபடி அப்படியே நின்றுவிட்டாள். செலீன் திரையைக் காட்டினாள். “இந்த மனுசி உங்களுக்கு என்ன செய்தவ?”

“அவளுக்கு எல்லாம் கிடைக்குது, செலீன்.”

“நான் லாரிசாவைக் கேக்கேல்லை. இந்தக் கிழங்கு சீவிற மனுசியைக் கேக்கிறன்.”

ஜென்சி தன் அறைக்குள் போனாள். கிறகரி டிஸ்கைக் கழற்றிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வெளியே இறங்கினார். மெத்ரோவும் பஸ்ஸும் பிடித்து நோத்ர-டாம்-த-கிரேசுக்குப் போய்ச் சேர ஒரு மணித்தியாலம். வழியில் இரண்டு பொய் யோசித்து வைத்திருந்தார். பழைய பெட்டி ஒன்றுக்குள் கிடந்தது. மகள் தெரியாமல் எடுத்து வைத்துவிட்டாள். லாரிசா கதவைத் திறந்ததும் இரண்டையும் விட்டுவிட்டார்.

“தொலையேல்லை. நான் வைச்சிருந்தனான்” என்றார்.

லாரிசா அதை வாங்கி, இரவல் கணினியொன்றில் போட்டு, ஒவ்வொரு காட்சியாகத் திறந்து பார்த்தாள். உட்காரச் சொல்லவில்லை. சுவரெல்லாம் ஈரம் ஊறி ஊதியிருந்தது. முக்கால் மணித்தியாலம் கிறகரி கோட்டோடு நின்றார். கடைசியில் அவள், “எல்லாம் இருக்கிறது” என்றாள். பிறகு, “நீங்கள் காணவில்லை என்று சொன்னதால் நான் என்ன செய்தேன் தெரியுமா?” என்று கேட்டாள்.

தெரியாது.

அந்த நகரத்தில் அவளுடைய பழைய சிநேகிதி ஒருத்தி பள்ளிக்கூட ஆசிரியை. அவளுக்கு அழைத்து, முடிந்தால் ஓரிரு தாய்மாரைப் போனிலாவது மறுபடி பதிவு செய்ய முடியுமா என்று கேட்டிருக்கிறாள். சிநேகிதி போயிருக்கிறாள். அயலவர் யாரோ காட்டிக் கொடுக்க, முந்தின நாள் அவளைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். அன்று காலையில்தான் விட்டார்கள். இனி அவளுக்கு அந்தப் பள்ளிக்கூடத்தில் வேலை இருக்குமோ தெரியாது.

கிறகரி அப்போதுதான் உட்கார்ந்தார். யாரும் சொல்லாமலே.

“ஏன்?” என்று கேட்டாள் லாரிசா.

கிறகரி பதினாறு வருடம் ஒருவருக்கும் சொல்லாததைச் சொன்னார். ஆமி ஒன்றும் பறிக்கவில்லை. யாழ்ப்பாணத்தை விட்டுப் புறப்படுவதற்கு முதல்நாள் பயம் பிடித்துவிட்டது. சோதனையில் கசெற் அகப்பட்டால் தன்னோடு அந்தத் தாய்மாரும் அகப்படுவார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். காலை எட்டு மணிக்கு முதல் கசெற்றைக் கமெராவில் போட்டு, லென்சை மூடியால் மூடி, பதிவுப் பொத்தானை அமத்தினார். ஒன்று முடிய மற்றது. ஏழு கசெற், ஏழு மணித்தியாலம், தாய்மாரின் பதிவுக்கு மேல் வெறும் இருட்டு. பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். மறுநாள் சோதனைச் சாவடியில் அவருடைய பையை ஒருவரும் திறந்துகூடப் பார்க்கவில்லை. கொழும்பில் ஒரு குப்பைத் தொட்டியில் அந்த ஏழையும் போட்டார்.

“நீர் கொண்டு வந்தீர். நான் அழிச்சிட்டன். உம்மைப் பார்க்கிற நேரமெல்லாம் எனக்கு அதுதான்” என்றார்.

லாரிசா கமெராவை எடுப்பாள், இதைத் திரும்பச் சொல்லுங்கள் என்று கேட்பாள் என்று கிறகரி எதிர்பார்த்தார். கேட்டால் மறுக்க வேண்டும் என்றும் நினைத்தார். அவள் கேட்கவில்லை.

“அந்தத் தாய்மாருக்கு இது தெரியுமா?” என்றாள்.

“இல்லை.”

“தங்கள் குரல் எங்கேயோ இருக்கிறது என்றுதான் இன்னும் நினைத்துக்கொண்டிருப்பார்கள், இல்லையா?” எழுந்து போய்க் கதவைத் திறந்துவிட்டாள். “எனக்கு வேலை இருக்கிறது, கிறகரி.”

வரும் வழியில், வெட்கத்துக்கு நடுவிலும் ஒரு எரிச்சல் இருந்ததாக அவர் ஒத்துக்கொள்கிறார். தன் பாவம்கூட அவளுடைய படத்துக்குத் தேவைப்படவில்லையே என்று.

அன்றே செலீனிடமும் ஜென்சியிடமும் உண்மையைச் சொன்னார். செலீன் அழுதாள். ஜென்சி, “அப்ப அந்தக் கூட்டத்தில என்னைக் கொண்டு பொய் சொல்ல வைச்சிருக்கிறீங்கள்” என்றாள். மூன்று கிழமை தகப்பனோடு கதைக்கவில்லை.

மார்கழியில், தமிழ்க் கத்தோலிக்க மிசனின் சுவாமியார் மூலம் யாழ்ப்பாணத்தில் விசாரித்தார். ஏழு தாய்மாரில் நாலு பேர் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். ஒரு சனிக்கிழமை, கலியாணம் எதுவும் இல்லாத நாளில், சாப்பாட்டு மேசைக்கு முன் தன் கமெராவை நிறுத்தி, செலீனைப் பொத்தானை அமத்தச் சொன்னார். ஏழு பேருடைய பெயரையும், ஒவ்வொருவரும் அன்றைக்கு என்ன சொன்னார்கள் என்று நினைவில் இருந்ததையும், கடைசியாகத் தான் கசெற்றுகளை என்ன செய்தார் என்பதையும் சொன்னார். நடுவில் மூன்று தரம் பேச்சு நின்றது. செலீன் நிறுத்தவில்லை, எப்படி நிறுத்துவதென்று அவளுக்குத் தெரியவும் தெரியாது. ஐம்பத்துமூன்று நிமிடம். அதை ஏழு குடும்பத்துக்கும் அனுப்பினார். ஐந்து வீட்டிலிருந்து பதில் இல்லை. ஒரு மகன், இனிமேல் எங்களோடு தொடர்பு வேண்டாம் என்று எழுதினான். ஒரு தாய், பார்த்தேன் என்று மட்டும் சொல்லி அனுப்பினாள்.

வசந்தத்தில் லாரிசாவின் படம் நகரத்தில் ஒரு பெரிய அரங்கில் திரையிடப்பட்டது. கிறகரி குடும்பத்தோடு போனார். ஜென்சி அதற்குள் கதைக்கத் தொடங்கியிருந்தாள். உருளைக்கிழங்கு சீவிய தாய் வந்த இடத்தில் அரங்கில் ஒரு இருமல்கூடக் கேட்கவில்லை. படம் முடிந்து பெயர்கள் ஓடின. நன்றி சொல்லும் பட்டியல் நீளமாக இருந்தது. ஜென்சியின் பெயர் இருந்தது. கிறகரி கடைசி வரிவரை நின்று வாசித்தார். அவருடைய பெயர் இல்லை. சனம் எழுந்து கைதட்ட, அவரும் தட்டினார். வயிறு எரிந்தது. அதை மறைக்காமல் செலீனிடம் சொன்னார்.

“இன்னும் போகேல்லையே?” என்றாள் செலீன்.

“இல்லை. முந்தி மாதிரி இல்லை. ஆனா இருக்கு.”

மேடையில் லாரிசாவைச் சூழக் கூட்டம். அவள் தூரத்திலிருந்து அவரைக் கண்டு தலையை மட்டும் அசைத்தாள். அந்த ஆசிரியை இப்போது வேறு நாட்டுக்குப் போய்விட்டாள் என்று ஜென்சி சொல்லித்தான் கிறகரிக்குத் தெரியும்.

ஜூன் மாதம், டோர்வலில் காலை இடைவேளையில் ட்ரொலிகளுக்கு நடுவில் நின்றபோது, வன்னியிலிருந்து ஒரு குரல் செய்தி வந்தது. பதில் வராத வீடுகளில் ஒன்று. இறந்துபோன ஒரு தாயின் மகள், றொஷினி என்று பெயர்.

“அண்ணை, உங்கட வீடியோவை ஆறு மாசமாத் திறக்காமல் வைச்சிருந்தனான். நேற்றுத்தான் பார்த்தனான். அம்மா நீலச் சீலை உடுத்திருந்தவ எண்டு சொல்லுறியள். நீலமில்லை, பச்சை. நான்தான் எடுத்துக் குடுத்தனான். அண்ணாவைப் பின்னேரம் கொண்டு போனதெண்டும் சொல்லுறியள். அதுவும் பிழை.”

கிறகரி அங்கேயே நின்று அவளுக்கு அழைத்தார்.

“தங்கச்சி, திருத்திறன். வேற என்ன பிழை?”

“கொஞ்சமில்லை, அண்ணை. இருந்து எழுதுறியளே?”

மேற்பார்வையாளர் கையைத் தட்டிக் கூப்பிட்டார். பெல்ட் ஓடத் தொடங்கிவிட்டது. கிறகரி ஒரு ட்ரே அட்டையைக் கிழித்துப் பேனையை எடுத்தார்.

“சொல்லுங்கோ” என்றார்.